யாரிடம் ஒப்படைக்கப்பட்டார்

உடலைக் கொண்டு வருக
என்றுதான் தாளில் இருந்தது.
ஆட்கொணர்வு என்பார்கள் வக்கீல்கள், நாகரிகமாக.
எனக்கு அது ஒரு ஜீப், நாற்பது லிட்டர் டீசல்,
நைனிடாலில் காலை பத்தரைக்குள்.

லோஹாகாட்டில் பெரியப்பா தேநீர் கொடுத்தார்.
தானாக வந்தவள், புத்தி சரியில்லை என்று
டாக்டர் சீட்டை நீட்டினார்.
இன்றைய தேதி. மை என் விரலில் ஒட்டியது.

மாடியில், உருளைக்கிழங்கு மூட்டைகளுக்கு நடுவே,
பபிதா மெஹ்ரா, வயது இருபத்து மூன்று.
கதவுக்குப் பூட்டு இல்லை.
ஜன்னலுக்குக் கம்பி இல்லை.
வெளியே கணுக்கால் அளவு பனி.
செருப்புகளை மட்டும் எடுத்து வைத்திருந்தார்கள்.

பதினாறு வருட வேலையில்
இத்தனை மலிவான சிறையை நான் பார்த்ததில்லை.

என் மாற்றுக் கேன்வாஸ் காலணியைக் கொடுத்தேன்.
அரசுச் சொத்து, அவளுக்கு இரண்டு அளவு பெரிது.
முனையில் செய்தித்தாளைத் திணித்துக்கொண்டு
படி இறங்கினாள், சத்தமாக.

தேவிதுரா வளைவுகளில்
உடல் மூன்று முறை வாந்தி எடுத்தது.
உடல், "கொஞ்சம் நிறுத்தச் சொல்லுங்க அக்கா" என்றது.
உப்பு தடவிய எலுமிச்சையை உறிஞ்சியபடி,
லலித் ரத்தம் எடுக்கிற லேபில் இருக்கிறான்,
அவன் குத்தினால் வலிக்காது, என்றது.
பிறகு தூங்கிப்போனது, என் தோளில் எச்சில் வழிய.
டம்டா என்றால் செம்பு தட்டுகிற சாதி
என்றான் ஓட்டுநர்,
யாரும் கேட்காமலே.

நீதிமன்ற வராந்தாவில் அவள் அப்பா,
ராணுவத்தில் இருந்தவர், சுவரைப் பார்த்து நின்றார்.
ஒரு ஸ்வெட்டரை என் கையில் திணித்தார்.
"அவளுக்குக் குளிர் தாங்காது."
செருப்பு கொண்டுவரவில்லையா என்று
நாக்கு நுனிவரை வந்தது.
ஸ்வெட்டரை அவள் போட்டுக்கொண்டாள்.
அவர் திரும்பிப் பார்க்கவில்லை.
தூணுக்கு அந்தப் பக்கம் லலித்,
மனுப் போட்டவன்,
கைகளை எங்கே வைப்பதென்று தெரியாமல்.

எல்லோரையும் வெளியே அனுப்பினார் நீதிபதி.
நான் மட்டும் கதவோரம், இன்னொரு கதவாக.
"எங்கே போக விரும்புகிறாய்? யாரோடு?"
ஹீட்டர் முனகிக்கொண்டிருந்தது.

எனக்குக் கல்யாணம் பத்தொன்பதில்.
கேட்டார்கள், நிறையப் பேர் கேட்டார்கள்:
அப்பாவிடம், சித்தப்பாவிடம், ஜோசியரிடம்.
அறையில் வேறு யாருமில்லை என்றால்
நானும் அந்தக் கேள்விக்கு
ஒரு பதில் யோசித்திருப்பேன்.

அவள் சொன்னாள்:
"லலித் வீட்டுக்கு. யாரோடும் இல்லை,
பஸ்ஸில் போய்க்கொள்வேன், வழி தெரியும்.
என் பி.எஸ்சி. சான்றிதழ் அப்பாவின் டிரங்குப் பெட்டியில்.
அதற்குத் தனியாக மனுப் போடணுமா?"

நீதிபதி சிரித்தாரா, இருமினாரா?
உத்தரவு நான்கு வரி.
வயது வந்தவர். விரும்பிய இடம் செல்லலாம்.
தடுப்பவர்மீது நடவடிக்கை. மனு முடித்துவைக்கப்பட்டது.
நாற்பத்தொரு நாளுக்கு நான்கு வரி.

தல்லிதால் பஸ் நிலையம்வரை கூடப் போனேன்,
உத்தரவில் அது இல்லை.
இருவரும் ஒரே பஸ்ஸில் ஏறினார்கள்.
அவள் டிக்கெட்டை அவளே எடுத்தாள்.

ஸ்டேஷனில் படிவம் காத்திருந்தது.
ஏழாவது கட்டம்: யாரிடம் ஒப்படைக்கப்பட்டார்.
தந்தை, கணவர், காப்பகம் என்று அச்சடித்து,
பக்கத்தில் டிக் போட இடம்.
காலியாக விட்டேன். திருப்பி அனுப்பினார் முன்ஷி.
"பொருந்தாது" என்று எழுதினேன். அதுவும் வந்தது.
மூன்றாம் முறை, மூன்றையும் அடித்துவிட்டு
ஓரத்தில் நெருக்கி எழுதினேன்:
பபிதா மெஹ்ரா.

"அதே பேரை ரெண்டு தடவை எழுதியிருக்கீங்க" என்றார்,
கண்ணாடியைத் தூக்கி.
ஆமாம் என்றேன்.
நெடுநேரம் பார்த்துவிட்டு முத்திரை குத்தினார்.

காலணியைப் பற்றி அவர் கேட்கவில்லை.
வருடக் கணக்கெடுப்பு மார்ச்சில்.